மங்கோலிய சினிமா பிறந்தபோது எடிட்டர் என்ன செய்தார்?

எடிட்டர் என்றால் வேண்டாததை வெட்டி எறிபவர் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். வெட்டுவது அவர் வேலையில் சின்னப் பகுதி. எந்த ஷாட்டுக்குப் பிறகு எந்த ஷாட் வரவேண்டும், அது திரையில் எவ்வளவு நேரம் நிற்கவேண்டும் என்ற இரண்டு முடிவுகளில்தான் படத்தொகுப்பின் உயிர் இருக்கிறது. கதை எழுதுபவர் ஒருவர், படம் பிடிப்பவர் இன்னொருவர். ஆனால் பார்க்கிறவருக்கு எந்த விஷயம் எப்போது தெரியவருகிறது, அவர் யார் பக்கம் சாய்கிறார் என்பதெல்லாம் எடிட்டிங் மேசையில்தான் முடிவாகின்றன.

இதைப் புரிந்துகொள்ள மங்கோலியாவை எடுத்துக்கொள்கிறேன். பெரிய சினிமா நாடுகளில் இந்தத் தொழில் மெல்ல மெல்ல உருவானதால், எது எப்போது வந்தது என்று பிரித்துப் பார்ப்பது கஷ்டம். மங்கோலியாவில் எல்லாமே குறுகிய காலத்தில் நடந்து முடிந்தது. 1928இல் மங்கோலியரைப் பற்றிய ஒரு புகழ்பெற்ற படத்தை மாஸ்கோவைச் சேர்ந்தவர்கள் எடுத்துத் தொகுத்தார்கள். 1935இல் தலைநகர் உலான்பாத்தரில் மங்கோல்கினோ என்ற அரசு ஸ்டூடியோ சோவியத் உதவியோடு தொடங்கப்பட்டது. 1936 மே தினக் கொண்டாட்டத்தைப் படம்பிடித்து முதல் ஆவணப்படம் வந்தது. 1938இல் தெமெத் நாட்சக்தோர்ஜ் இயக்கிய 'நோர்ஜ்மாவின் பாதை', நாட்டின் முதல் கதைப்படம். 1945இல் 'சோக்த் தைஜ்' என்ற பெரிய சரித்திரப் படம். பதினேழு ஆண்டுகளுக்குள், கேமராவுக்கு முன்னால் நின்ற மக்கள் கத்தரியைத் தங்கள் கையிலேயே எடுத்துக்கொண்டார்கள். எனக்கு இந்த வரலாற்றில் மிகவும் பிடித்த விஷயம் அதுதான்.

முதலில் அடிப்படையிலிருந்து வருவோம்.

ஒரே முகம், மூன்று அர்த்தம்

மங்கோலியாவுக்குப் போய்ச் சேர்ந்த படத்தொகுப்புக் கலை சோவியத் நாட்டில் பிறந்தது. அதன் முதல் பாடத்தைச் சொல்லிக்கொடுத்தவர் லெவ் குலெஷோவ் என்ற சோவியத் இயக்குநர். அவர் செய்து பார்த்த ஒரு சோதனையை அவருடைய மாணவர் புதோவ்கின் இப்படி விவரிக்கிறார். மொஸ்ஜூகின் என்ற நடிகரின் முகம், பெரிய உணர்ச்சி எதுவும் காட்டாத ஒரு க்ளோஸ்அப். அதற்குப் பிறகு ஒரு தட்டு சூப்பை ஒட்டினார்கள். அதே முகத்துக்குப் பிறகு சவப்பெட்டியில் கிடக்கும் ஒரு பெண்ணை ஒட்டினார்கள். மறுபடியும் அதே முகம், அதற்குப் பின்னால் பொம்மையோடு விளையாடும் சிறுமி. பார்த்தவர்கள் நடிகரின் நடிப்பை மெச்சினார்களாம். சூப்பைப் பார்க்கும்போது ஏக்கம், பிணத்தைப் பார்க்கும்போது துக்கம், குழந்தையைப் பார்க்கும்போது மெல்லிய சந்தோஷம் என்று. முகம் மூன்று இடத்திலும் ஒன்றுதான்.

ஒரு ஷாட்டின் அர்த்தம் அதன் பக்கத்தில் இருக்கும் ஷாட்டைப் பொறுத்தது என்பதுதான் இதில் நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது. தொடக்க நிலையில் இருப்பவர் இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டால் போதும், மீதியெல்லாம் இதிலிருந்து கிளைப்பதுதான்.

இந்தப் பாடத்தைக் கொண்டுபோய் புதோவ்கின் எடுத்த படம்தான் நான் மேலே சொன்ன 1928 படம். வெளிநாடுகளில் 'ஆசியாவின் மீது புயல்' என்ற பெயரில் ஓடியது, ரஷ்ய மொழியில் 'செங்கிஸ்கானின் வாரிசு'. பைக்கால் ஏரிப் பகுதியில், மங்கோலியருக்கு மிக நெருங்கிய உறவினரான புரியாத் மக்கள் வாழும் நிலத்தில் பெரும்பகுதி எடுக்கப்பட்டது. கதாநாயகன் பாயிராக நடித்த வலேரி இன்கிஷினோவும் புரியாத்தான். வேட்டைக்காரனான பாயிர் கொண்டுவரும் அருமையான நரித்தோலை வெள்ளைக்கார வியாபாரி ஏமாற்றி வாங்குகிறான். அங்கிருந்து கிளம்பும் கதை, பாயிர் செங்கிஸ்கானின் வம்சம் என்று நம்பி ஆக்கிரமிப்புப் படை அவனைப் பொம்மை அரசனாக்குவது வரை போகிறது. பிரிட்டிஷ் படை மங்கோலியாவைப் பிடித்ததாகக் காட்டுவது முழுக்கக் கற்பனை.

அதில் ஒரு காட்சித் தொடரை எடிட்டிங் படிக்கிறவர்கள் கட்டாயம் பார்க்கவேண்டும். ராணுவத் தளபதியும் மனைவியும் ஒரு விழாவுக்குத் தயாராகிறார்கள். சீருடை, பதக்கம், நகை, பவுடர். அதே நேரத்தில் பௌத்த மடத்தில் லாமாக்கள் அதே விழாவுக்காகப் பூஜைப் பொருள்களையும் உடைகளையும் தயார் செய்கிறார்கள். புதோவ்கின் இரண்டையும் மாற்றி மாற்றி ஒட்டுகிறார். இரண்டும் ஒரே மாதிரி வேஷம்தான் என்ற முடிவுக்குப் பார்வையாளர் தானே வந்துவிடுகிறார். படத்தில் யாரும் அதை வாயால் சொல்வதில்லை.

நுணுக்கமான வேலை, சந்தேகமில்லை. ஆனால் இதை ஒரு மங்கோலிய பக்தர் பார்த்தால் எப்படி இருக்கும் என்றும் யோசிக்கவேண்டும். மடத்தில் நடப்பது அவருக்கு வேஷமில்லை, வாழ்க்கை. அந்த ஷாட்டுகளைத் தனியாக வெட்டி எடுத்து, முன்னும் பின்னும் வேறு ஷாட்டுகளை வைத்தால் அதே சடங்கு பக்தியாகவும் தெரியும். எந்த ஷாட்டின் பக்கத்தில் எதை வைப்பது என்று முடிவு செய்தவர் மாஸ்கோவில் இருந்தார் என்பதால்தான் அது இப்படித் தெரிகிறது. ஒரு நாட்டுக்குச் சொந்த ஸ்டூடியோவும் சொந்த எடிட்டரும் ஏன் தேவை என்ற கேள்விக்கு எனக்குத் தெரிந்த தெளிவான பதில் இந்தக் காட்சிதான்.

1936இல் லெனின்கிராட் ஸ்டூடியோவிலிருந்து இல்யா ட்ராவ்பெர்க் இயக்கிய 'மங்கோலியாவின் மகன்' வந்தது. இதில் முக்கிய வேடங்களில் மங்கோலிய நடிகர்களே நடித்தார்கள். நடிப்பு வரைக்கும் வந்தாயிற்று. தொகுப்பு இன்னும் வெளியில்தான்.

மேசையில் நடப்பது என்ன?

இப்போது கணினியில் ஒரு பொத்தானைத் தட்டினால் நடப்பதை அப்போது கையால் செய்தார்கள். அந்த வேலையைக் கிட்டத்தில் பார்த்தால்தான் அந்தத் தொழிலாளர்களின் திறமை புரியும்.

35 எம்எம் ஃபிலிமில் நொடிக்கு 24 சட்டங்கள், அதாவது ஃப்ரேம்கள். ஒரு சட்டத்தின் உயரம் சுமார் 19 மில்லிமீட்டர். அப்படியானால் ஒரு நொடி என்பது கிட்டத்தட்ட 46 சென்டிமீட்டர் ஃபிலிம். ஒரு நிமிடம் 27 மீட்டருக்குக் கொஞ்சம் மேல். 300 மீட்டர் ரீல் ஒன்று ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். அனுபவப்பட்ட எடிட்டர் ஃபிலிமை இரண்டு கையாலும் இழுத்துப் பிடித்தே, "இது மூணு செகண்ட்" என்று சொல்லிவிடுவார். காலத்தை நீளமாகத் தொட்டுப் பார்த்த தொழில் அது.

கேமராவில் ஓடுவது நெகட்டிவ். அதைத் தொடவே கூடாது. கழுவி, அதிலிருந்து ஒரு பாசிட்டிவ் பிரதி எடுப்பார்கள், அதுதான் ரஷ் பிரிண்ட். எடிட்டர் வெட்டுவதெல்லாம் இந்த ரஷ்ஷைத்தான். முதல் வேலை பிரிப்பது: எந்தக் காட்சி, எந்த ஷாட், எத்தனையாவது டேக் என்று நோட்டில் எழுதி, சின்னச் சின்னச் சுருள்களாகச் சுற்றி, பெயர் ஒட்டி அலமாரியில் வைக்கவேண்டும். கையாளும் துண்டுகளை ஆணிகளில் தொங்கவிட்டு, கீழே துணி விரித்த கூடையில் விழும்படி விடுவார்கள். தரையில் பட்டால் கீறல்.

அப்புறம் ஒட்டுவது. வெட்டிய துண்டின் ஓரத்தில் ஒரு மெல்லிய கோட்டளவுக்குப் படம் பதியும் மருந்துப் பூச்சைப் பிளேடால் சுரண்டவேண்டும். அளவாகச் சுரண்டவேண்டும், இல்லாவிட்டால் அடியில் இருக்கும் ஃபிலிமே கிழியும். சுரண்டிய இடத்தில் ஃபிலிம் சிமெண்ட் என்ற பசையைத் தடவி, அடுத்த துண்டை மேலே வைத்து அழுத்திப் பிடிக்கவேண்டும். ஓரம் ஒன்றன்மேல் ஒன்று ஏறுவதால், ஒட்டியதைப் பிரித்து மறுபடி ஒட்டினால் ஒரு சட்டமாவது போய்விடும். அதற்குப் பதிலாக ஒரு கறுப்புச் சட்டத்தைச் சேர்ப்பார்கள், இல்லாவிட்டால் ஒலியோடு பொருந்தாது. ஆக, ஒவ்வொரு தடவை மனம் மாறுவதற்கும் ஒரு விலை இருந்தது. அதனால் அந்தக் கால எடிட்டர்கள் வெட்டுவதற்கு முன்பே மனசுக்குள் படத்தை ஓட்டிப் பார்த்துவிடுவார்கள். இந்தப் பழக்கம் இன்றைக்கும் எடிட்டிங் கற்கிறவர்களுக்கு உதவும் என்று உறுதியாகச் சொல்வேன்.

கடைசியில் நெகட்டிவ் கட்டிங். ரஷ்ஷில் என்ன வரிசை முடிவானதோ அதே வரிசையில் நெகட்டிவை வெட்டி ஒட்டவேண்டும். ஃபிலிம் ஓரத்தில் எண் இருந்தால் அதைப் பார்த்து, இல்லாவிட்டால் சட்டத்துக்குச் சட்டம் கண்ணால் ஒப்பிட்டுப் பார்த்து. இங்கே ஒரு தப்பு நடந்தால் அந்த ஷாட் போனதுதான். வெட்டி ஒட்டிய நெகட்டிவிலிருந்து ஃபர்ஸ்ட் காப்பி, அதாவது திரையிடத் தயாரான முதல் பிரதி வரும்.

அந்தக் காலத்து ஃபிலிம் நைட்ரேட் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சுலபமாகத் தீப்பிடிக்கும். எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்ஸிஜனைத் தானே வெளிவிடுவதால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. உலான்பாத்தரிலோ ஜனவரியில் வெப்பநிலை மைனஸ் 30க்கும் கீழே போகும், காற்றும் வறண்டு கிடக்கும். குளிரில் ஃபிலிம் மொடமொடப்பாகி உடையும். வறண்ட காற்றில் வேகமாகச் சுற்றினால் நிலைமின் பொறி பறந்து, கழுவாத நெகட்டிவில் மின்னல் கோடு மாதிரி தடம் பதிந்துவிடும். வெயில் நாட்டு ஸ்டூடியோக்களுக்கு வேர்வையும் பூஞ்சையும் எதிரி என்றால், குளிர் நாட்டுக்காரர்களுக்கு எதிரி இந்த வறட்சி.

எங்கிருந்து ஆரம்பிப்பார்கள்?

இந்தத் தொழிலில் நேராக எடிட்டராக நுழைந்தவர்கள் குறைவு. சோவியத் ஸ்டூடியோக்களில் இருந்த படிக்கட்டைத்தான் அவர்கள் உதவியோடு உருவான ஸ்டூடியோக்களும் எடுத்துக்கொண்டன. அந்தப் படிக்கட்டைத் தெரிந்துகொள்ள எலிஸவெத்தா ஸ்விலோவாவின் வாழ்க்கை நல்ல உதாரணம். 1900இல் பிறந்தவர். சிறுமியாக இருக்கும்போதே ஃபிலிம் துடைக்கும், பிரிக்கும் வேலைக்குச் சேர்ந்தார். பிறகு ஒட்டும் வேலை, பிறகு நெகட்டிவ் தேர்ந்தெடுக்கும் வேலை, பிறகு எடிட்டர். ஆவணப்பட மேதை ஜிகா வெர்தோவின் மனைவியும் அவர்தான், அவருடைய படங்களைத் தொகுத்தவரும் அவர்தான். 1929இல் வந்த 'கேமராவுடன் ஒரு மனிதன்' படத்தில் அவரையே மேசையில் பார்க்கலாம். அலமாரியில் வரிசையாகச் சுருள்கள், பின்னாலிருந்து ஒளிவிழும் கண்ணாடி, அவர் ஒரு துண்டைத் தூக்கிப் பார்க்கிறார். உறைந்து நிற்கும் ஒரு குழந்தையின் முகம் அடுத்த கணம் அசையத் தொடங்குகிறது. எடிட்டரின் வேலையை இவ்வளவு மரியாதையோடு காட்டிய இன்னொரு படத்தை நான் பார்த்ததில்லை.

இந்த மேசைகளில் உட்கார்ந்தவர்களில் ஏராளமானோர் பெண்கள். மாண்டாஜ், அதாவது ஷாட்டுகளை அடுக்கி அர்த்தம் உண்டாக்கும் முறை பற்றிய கோட்பாடுகளுக்கு ஐசன்ஸ்டைன், புதோவ்கின் போன்ற இயக்குநர்களின் பெயர் நின்றது. கத்தரியும் பிளேடும் பிடித்தவர்களில் பலருடைய பெயர் டைட்டிலில்கூட வரவில்லை, வந்தாலும் உதவியாளர் என்று வந்தது. இது நியாயமில்லை, அதை நேராகவே சொல்லவேண்டும். இயக்குநர் மேசைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து "இங்கே வெட்டு" என்று சொல்வார் என்பது உண்மைதான். ஆனால் ஆறு டேக்கில் எது உயிரோடு இருக்கிறது, ஒரு குதிரை தலையை எந்தச் சட்டத்தில் திருப்புகிறது என்பதை நினைவில் வைத்திருந்து எடுத்துக் கொடுத்தவர் அந்தப் பெண்.

எஸ்ஃபிர் ஷூப் அந்த வரிசையில் வந்த இன்னொருவர். 1922 முதல் வெளிநாட்டுப் படங்களைச் சோவியத் திரையரங்குகளுக்கு ஏற்ற மாதிரி மறுதொகுப்புச் செய்யும் வேலையில் இருந்தார். ஐசன்ஸ்டைன் படம் இயக்க ஆரம்பிப்பதற்கு முன் எடிட்டிங் மேசையைப் பார்த்துக் கற்றது இவரிடம்தான். 1927இல் பழைய செய்திப்படங்களையும் ஜார் குடும்பத்துத் துண்டுகளையும் தேடி, ஏறத்தாழ 60,000 மீட்டர் ஃபிலிமைப் பார்த்து, அதிலிருந்து 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற முழுநீளப் படத்தை உருவாக்கினார். அரசகுடும்பம் தன் பெருமைக்காக எடுத்துவைத்த காட்சிகளே அதன்மீதான குற்றச்சாட்டாக மாறின. ஷூப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், மங்கோலியாவோடு அவருக்கு ஒரு தொடர்பு பின்னால் வருகிறது.

மங்கோல்கினோவில் ஒரு நாள் வேலை

1936 மே தினப் படத்திலிருந்து ஆரம்ப ஆண்டுகளில் உலான்பாத்தர் ஸ்டூடியோவின் அன்றாடச் சோறு செய்திப்படமும் ஆவணப்படமும்தான். ஊர்வலம், புதிய பள்ளிக்கூடம், மருத்துவமனை, கால்நடை, ராணுவம். இதில்தான் எடிட்டர்கள் கை பழகினார்கள். கதைப்படத்தில் குறை இருந்தால் மறுபடி எடுக்கலாம். ஊர்வலம் ஒரு தடவைதான் போகும். கிடைத்த துண்டுகளை வைத்துத்தான் சமாளிக்கவேண்டும். எடிட்டிங் கற்க இதைவிட நல்ல பள்ளி கிடையாது என்பது என் கருத்து.

நாதம் விழாவை எடுத்துக்கொள்வோம். 1921 புரட்சியின் நினைவாக ஜூலையில் நடக்கும் தேசிய விழா. மல்யுத்தம், அம்பெய்தல், குதிரைப் பந்தயம். நாதம் பந்தயம் வட்டமான மைதானத்தில் ஓடுவதில்லை. சிறுவர் சிறுமியர் ஏறிய நூற்றுக்கணக்கான குதிரைகள் திறந்த புல்வெளியில் ஓடிவருகின்றன, பெரிய குதிரைகளுக்கு 20 கிலோமீட்டருக்கும் மேல். கேமராமேன் கூடவே ஓடமுடியாது. புறப்படும் இடத்தில் கொஞ்சம், நடுவில் ஒரு மேட்டிலிருந்து கொஞ்சம், முடிவுக் கோட்டில் கொஞ்சம், காத்திருக்கும் கூட்டத்தின் முகங்கள் கொஞ்சம். இவ்வளவுதான் மேசைக்கு வரும். நெடுநேரம் நடக்கும் பந்தயத்தை இரண்டு நிமிடத்தில், பார்க்கிறவருக்கு ஏமாற்றப்பட்ட உணர்வு வராமல் சொல்லவேண்டும்.

எடிட்டர் எப்படிச் செய்வார்? குதிரைகள் புறப்படுகின்றன. உடனே அடுத்த இடத்துக்குத் தாவினால் கண் இடறும். நடுவில் ஒரு முகத்தை வைக்கவேண்டும், தூரத்தைப் பார்க்கும் ஒரு கிழவர். அவர் பார்க்கும் அந்த மூன்று நொடியில் குதிரைகள் பத்து கிலோமீட்டர் ஓடிவிட்டன என்பதைப் பார்வையாளர் மறுபேச்சில்லாமல் ஏற்றுக்கொள்கிறார். அடுத்து அடிவானத்தில் தூசி. மறுபடி கூட்டம், இந்தத் தடவை எழுந்து நிற்கிறார்கள். அப்புறம் குளம்புகள், ஷாட்டுகள் குட்டையாகின்றன. முடிவுக் கோடு. அந்தக் கிழவர் வேறு ஏதோ நேரத்தில் வேறு எதையோ பார்த்தபோது எடுத்த ஷாட்டாக இருக்கலாம். குலெஷோவ் சொன்ன பாடம்தான் இங்கேயும் வேலை செய்கிறது. இடையில் வைக்கும் இப்படிப்பட்ட ஷாட்டை நம் ஊர் எடிட்டர்கள் கட்அவே என்பார்கள். செய்திப்பட எடிட்டருக்கு இதைப் போல் சொத்து வேறில்லை.

இன்னொரு கட்டாயமும் இருந்தது. அப்போது மங்கோலியாவின் மக்கள்தொகை பத்து லட்சத்தைக்கூட எட்டவில்லை. பெரும்பாலானவர்கள் மந்தையோடு இடம் மாறிக்கொண்டே இருப்பவர்கள், எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் குறைவு. 1946இல் அரசு பழைய செங்குத்து எழுத்தை விட்டு, ரஷ்ய மொழி எழுதப்படும் சிரிலிக் எழுத்துக்கு மாறியதால், படித்தவர்களும் புதிதாகக் கற்கவேண்டி வந்தது. எனவே எழுத்து அட்டையை நம்பிப் படம் ஓட்ட முடியாது. யார், எங்கே, ஏன் என்பதெல்லாம் ஷாட்டுகளின் வரிசையிலேயே விளங்கவேண்டும். படம் அவர்களைத் தேடிப் போனது நடமாடும் சினிமா மூலம். ஒரே புரொஜெக்டர் இருந்தால் ஒவ்வொரு ரீல் முடிந்ததும் விளக்கு எரியும், ஆள் அடுத்த ரீலை மாட்டுவார். பல கை மாறிய பிரிண்டில் ரீலின் முதலும் கடைசியும்தான் முதலில் கிழியும். விஷயம் தெரிந்த எடிட்டர் ஒரு முக்கியமான வசனத்தையோ முகத்தையோ ரீல் முடியும் இடத்தில் வைக்கமாட்டார். பதினொரு நிமிடத்துக்கு ஒரு முறை கதை மூச்சுவிடும்படி பார்த்துக்கொள்வார்.

கத்தரியின் இன்னொரு பயன்

இதைச் சொல்லாமல் போனால் அந்தக் காலத்தைப் பற்றிப் பொய் சொன்னதாகிவிடும். ஸ்டூடியோ தொடங்கிய உடனே வந்த ஆண்டுகள் மங்கோலியாவின் மிகக் கொடிய ஆண்டுகள். 1937 முதல் 1939 வரை நடந்த அடக்குமுறையில் பல்லாயிரம் பேர் கொல்லப்பட்டார்கள், அவர்களில் லாமாக்கள் மிக அதிகம். நூற்றுக்கணக்கான மடங்கள் அழிந்தன. 1936 மே தினத்தன்று பிரதமராக இருந்தவர் அமர். 1939இல் பதவி பறிக்கப்பட்டு 1941இல் சோவியத் நாட்டில் சுட்டுக்கொல்லப்பட்டார். அன்று போர் அமைச்சராக இருந்த தெமித் 1937இல் மாஸ்கோவுக்குப் போகும் ரயிலில் இறந்துபோனார்.

இதை எடிட்டர் பக்கத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். அரசுச் செய்திப்படம் என்றாலே தலைவர்களின் முகம். நேற்று தலைவராக இருந்தவர் இன்று துரோகி என்று அறிவிக்கப்பட்டால், ஸ்டூடியோ அலமாரியில் இருக்கும் ரீல் ஆபத்தான பொருளாகிவிடும். சோவியத் சினிமாவில் இதன் தடயங்கள் பதிவாகியிருக்கின்றன. 1937இல் வந்த 'அக்டோபரில் லெனின்' படத்தில் இருந்த ஸ்டாலினை, அவர் இறந்தபின் மறுதொகுப்பில் நீக்கினார்கள். அரசு ஒன்றே தயாரிப்பாளராக இருக்கும் நாட்டில் படத்தொகுப்புக்கு நினைவை அழிக்கும் வேலையும் சேர்ந்தே வந்தது. அந்த மேசைகளில் உட்கார்ந்தவர்களுக்கு அது தெரியாமல் இருந்திருக்காது.

மடங்கள் விஷயம் இன்னும் கனமானது. 1928இல் புதோவ்கின் எடுத்த மடக் காட்சிகளில், லாமாக்கள் முகமூடி அணிந்து ஆடும் ட்சாம் நடனம் இருக்கிறது. கிண்டல் செய்யும் ஒரு தொடருக்குள் ஒட்டப்பட்ட அந்த ஷாட்டுகள், பத்தே ஆண்டுகளில் காணாமல் போகவிருந்த ஓர் உலகத்தின் அபூர்வமான பதிவாக இன்று நிற்கின்றன. தொகுத்தவர் நினைத்த அர்த்தத்தைக் காலம் மாற்றிவிட்டது.

சோக்த் தைஜ்: யார் எந்தப் பக்கம்?

1945 படத்துக்கு வருவோம். சோக்த் தைஜ் 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த, கல்கா என்ற மங்கோலியப் பிரிவின் இளவரசர், கவிஞர். அவருடைய கவிதை பாறையில் செதுக்கப்பட்டு இன்றும் இருக்கிறது. திபெத்தின் மஞ்சள் தொப்பி பௌத்தப் பிரிவினரையும் அவர்களை ஆதரித்த மேற்கு மங்கோலியத் தலைவர் குஷி கானையும் எதிர்த்து 1637இல் போரில் மாண்டவர். படத்துக்குத் திரைக்கதை எழுதியவர் மங்கோலியாவின் பெரிய அறிஞர் பியாம்பின் ரிஞ்சென். இயக்கத்தில் மங்கோலியர்களோடு சேர்ந்து தலைமை தாங்கியவர் யூரி தாரிச்.

ஷூப் தொடர்பு இங்கேதான் வருகிறது. தாரிச் 1926இல் எடுத்த 'அடிமையின் சிறகுகள்' என்ற சரித்திரப் படத்தைத் தொகுத்தவர் எஸ்ஃபிர் ஷூப். சோவியத் நாட்டின் மிகச் சிறந்த எடிட்டர்களில் ஒருவரோடு மேசையில் உட்கார்ந்த அனுபவம் உள்ள இயக்குநர் ஒருவர் உலான்பாத்தருக்கு வந்து, மங்கோலியர்களோடு படம் செய்தார். தொழில் நுணுக்கம் புத்தகம் வழியாகப் போவதைவிட இப்படி ஆள் வழியாகப் போவதுதான் அதிகம். பக்கத்தில் நின்று பார்த்தவர் அடுத்த படத்தில் தானே செய்வார்.

குதிரைப்படைகள் மோதும் சரித்திரப் படம் எடிட்டருக்குப் பெரிய பரீட்சை. ஒரே மாதிரி உடை, ஒரே மாதிரி குதிரை, தூசி. யார் நம் ஆள் என்று பார்வையாளருக்கு எப்படித் தெரியும்? இதற்கு உலகம் முழுக்க ஒரே விதிதான். ஒரு படை திரையில் இடமிருந்து வலம் ஓடினால், காட்சி முடியும்வரை அது இடமிருந்து வலமே ஓடவேண்டும். எதிரி வலமிருந்து இடம். இரண்டு படைக்கும் நடுவில் ஒரு கற்பனைக் கோடு இருப்பதாக வைத்துக்கொண்டு, கேமரா கோட்டின் ஒரு பக்கத்திலேயே நிற்கவேண்டும். கேமராமேன் தெரியாமல் கோட்டைத் தாண்டி எடுத்துவிட்டால், மேசையில் அந்த ஷாட் நம் படையே திரும்பி ஓடுகிற மாதிரி தெரியும். அதைக் காப்பாற்ற எடிட்டர் நடுவில் திசையில்லாத ஷாட் ஒன்றைத் தேடுவார்: கேமராவை நோக்கி நேராக வரும் குதிரை, மேலே பறக்கும் கொடி, ஒரு கண். அதைப் பார்த்ததும் கண் பழைய திசையை மறந்துவிடும், புதுத் திசையை ஏற்றுக்கொள்ளும்.

சாதாரண நாடகக் காட்சியைவிடப் புல்வெளியில் இது கடினம். நகரத்தில் ஒரு கட்டடமோ மரமோ திசையைச் சொல்லிக்கொண்டே இருக்கும். திறந்த சமவெளியில் நாலு பக்கமும் ஒரே மாதிரி. திசையைக் காப்பாற்றும் பொறுப்பு முழுக்க எடிட்டர் தலையில்.

எவ்வளவு நேரம்?

ஆரம்பத்தில் சொன்ன இரண்டாவது முடிவை, அதாவது ஷாட்டின் நீளத்தை, இதுவரை அதிகம் பேசவில்லை. சோவியத் பாணியின் அடையாளம் குட்டை ஷாட், வேகமான வெட்டு. 'ஆசியாவின் மீது புயல்' முடிவில் ஆக்கிரமிப்புப் படையைப் புயல் அடித்துக்கொண்டு போகும் இடம் அதன் உச்சம். சில சட்டங்களே உள்ள ஷாட்டுகள் படபடவென்று வருகின்றன.

மங்கோலிய நிலமும் மங்கோலிய இசையும் வேறு வேகம் கொண்டவை. அடிவானத்தில் ஒரு சவாரிக்காரர் புள்ளியாகத் தெரிந்து, யார் என்று அடையாளம் தெரியும் தூரத்துக்கு வர நேரமாகும். அந்தக் காத்திருப்பு அங்கே வாழ்கிறவர்களுக்கு அன்றாட அனுபவம். நெடும்பாட்டு என்று பொருள்படும் ஊர்தின் தூ பாடலில் ஓர் அசையை ஒரு மூச்சு முழுக்க நீட்டுவார்கள். அப்படி ஒரு பாட்டு ஓடும்போது மூன்று நொடிக்கு ஒரு முறை வெட்டினால் படமும் பாட்டும் சண்டை போடும். இந்த இரண்டு வேகத்தையும் ஒரே படத்துக்குள் ஒத்துப்போக வைப்பதுதான் மங்கோலிய எடிட்டரின் தனி வேலை. சண்டைக்கும் கூட்டத்துக்கும் மாஸ்கோ பாணி, பயணத்துக்கும் பாட்டுக்கும் புல்வெளி பாணி. எந்தக் கட்டத்தில் ஒன்றிலிருந்து மற்றதுக்கு மாறுவது என்பதில் எடிட்டரின் ருசி தெரியும்.

அடுத்த தலைமுறை மங்கோலிய இயக்குநர்களும் ஒளிப்பதிவாளர்களும் பலர் மாஸ்கோவின் விகிக் திரைப்படக் கல்லூரிக்குப் போய்ப் படித்துத் திரும்பினார்கள். 1957இல் 'விழிப்பு', 1959இல் தெஜிதின் ஜிக்ஜித் இயக்கிய 'மக்களின் தூதன்', 1970களில் லொதொய்தம்பாவின் நாவலை மூன்று பகுதிகளாக எடுத்த தோர்ஜ்பாலமின் 'தெளிந்த தாமிர்' என்று வரிசையாக வந்தன. 1936இல் இருபது வயதில் ஃபிலிம் துடைக்கச் சேர்ந்த ஒருவருக்கு, இந்தக் கடைசிப் படம் வந்தபோது சுமார் ஐம்பத்தைந்து வயது இருந்திருக்கும். மே தின ஊர்வலத்திலிருந்து மூன்று பகுதி நாவல்வரை ஒரே ஆள் ஒரே மேசையில் பார்த்திருக்க முடியும்.

இந்தப் படங்களில் ஏதாவது கையில் கிடைத்தால் முதல் தடவை கதைக்காகப் பாருங்கள். இரண்டாம் தடவை ஒலியை அணைத்துவிட்டு, ஷாட் மாறும் ஒவ்வொரு தடவையும் மேசையில் விரலால் தட்டிக்கொண்டே பாருங்கள். சண்டைக் காட்சியில் ஒரு தாளமும், குதிரை தனியாகப் போகும் காட்சியில் வேறு தாளமும் கேட்கும். தாளம் மாறும் இடத்தில் நிறுத்தி, அந்த இரண்டு ஷாட்டை மட்டும் திரும்பத் திரும்ப ஓட்டிப் பாருங்கள்.